கறுப்புத் திராட்சைக்கு அடியில்

“கீரை நிறைய சாப்பிடறீங்களா?” என்று டாக்டர் கேட்டார்.

“நானா?” தையல்காரர் சிரித்துவிட்டார். “பச்சையா எதுவும் என் தொண்டையில இறங்காது டாக்டர். பச்சைத் துணி தைக்கக் கொடுத்தாக்கூட அடுத்த கடைக்குப் போங்கன்னு சொல்லிடுவேன்.”

“ஆபரேஷன் சமயத்துல சொன்னது ஞாபகம் இருக்கில்ல? கீரை கூடிச்சுன்னா இந்த மாத்திரை சரியா வேலை செய்யாது.”

“அதான் தொடறதே இல்லையே. என் பொண்ணும் அப்படித்தான். ரெண்டு பேரும் ஒரே கட்சி.”

டாக்டர் திரையைப் பார்த்தார், உதட்டைப் பிதுக்கினார், மாத்திரையின் அளவைக் கூட்டினார். அந்த நேரம் தையல்காரரின் மனைவி, ரத்தம் எடுத்த அறையில் மறந்துவைத்த குடையைத் தேடிக் கீழே போயிருந்தாள். அவள் குடையும் கையுமாக மூச்சுவாங்க மேலே வந்தபோது அவர் சட்டைக்கையை இறக்கிவிட்டுக்கொண்டு வாசலில் நின்றார்.

“என்ன சொன்னாரு?”

“ரத்தம் கெட்டியா இருக்காம். மாத்திரையைக் கூட்டியிருக்காரு.”

“மறுபடியுமா? வேற ஒண்ணும் கேக்கலையா?”

“கேட்டாரு. நல்ல பிள்ளையாத்தான் இருக்கேன்னு சொல்லிட்டேன். வா, கடையைத் திறக்கணும்.”

அவர் நெஞ்சுக்குள் உலோக வால்வு ஒன்று இருந்தது. வீடு அமைதியாக இருந்தால் அதன் டிக் டிக் பக்கத்தில் இருப்பவர்களுக்குக் கேட்கும். “அப்பா கடிகாரத்தை முழுங்கிட்டாரு” என்று மகள் சொல்வாள். ரத்தம் கெட்டியானால் அந்த வால்வில் கட்டி பிடிக்கும், கட்டி பிய்த்துக்கொண்டு மூளைக்குப் போனால் ஆள் அவ்வளவுதான். இதை ஆபரேஷன் செய்தவர்கள் அவளிடம் நேராகவே சொல்லியிருந்தார்கள். கீரை விஷயத்தை அவரிடம்தான் சொன்னார்கள்; தொடாத கீரையைப் பற்றி வீட்டில் சொல்ல அவருக்குத் தோன்றவில்லை. அன்றிலிருந்து அவர் ஒரு வார்த்தை குழறினாலும் சரி, பேசும்போது பாதியில் நிறுத்தி யோசித்தாலும் சரி, “என்னங்க, என் பேரைச் சொல்லுங்க” என்பாள்.

“உன் பேரை மறக்கணும்னு எனக்கு எவ்வளவு ஆசை தெரியுமா?” என்பார் அவர்.

கீரை விவகாரம் மகளால் வந்தது. அவளுக்கு வீட்டில் நீதிபதி என்று பெயர். தட்டில் ஒரு பீன்ஸ் தெரிந்தாலும் விசாரணை நடக்கும். யார் போட்டது, எதற்குப் போட்டது, எடுத்துவிட்டால் என்ன. பள்ளியில் பரிசோதித்துவிட்டு ரத்தம் குறைவு, கீரை கொடுங்கள் என்று சொல்லியனுப்பினார்கள். கொடுப்பதா? கீரை வெந்த பாத்திரத்தில் பால் காய்ச்சினாலும் மோந்து கண்டுபிடிக்கிற மூக்கு அது.

ஆகவே அம்மாக்காரி திருடியானாள். கீரையைப் பழைய ஐஸ்கிரீம் டப்பாவில் ஒளித்து ஃபிரிட்ஜின் அடித்தட்டில் வைத்தாள். மகள் குளிக்கிற நேரம் பார்த்து மிக்ஸியைப் போடுவாள், தண்ணீர்ச் சத்தத்தில் அது கரைந்துவிடும். காம்பைக் கிள்ளிவிட்டு, இலையை மட்டும் கொஞ்சம் தண்ணீரோடு முதலில் அரைக்கவேண்டும். பழத்தோடு சேர்த்துப் போட்டால் நாராக நிற்கும், காட்டிக்கொடுத்துவிடும். பச்சை விழுது மழமழவென்று ஆனபிறகு கனிந்த வாழைப்பழம், வேகவைத்த கேரட், பேரீச்சை, கடைசியில் இரண்டு கை கறுப்புத் திராட்சை. பச்சையை மறைக்க அந்தக் கறுப்பைவிட்டால் வேறு வழி கிடையாது. பிறகு வடிகட்டி, மூடி போட்ட குவளையில் ஊற்றி, தடித்த உறிஞ்சுகுழலைச் செருகிவிட்டால் எந்த நீதிமன்றத்திலும் நிற்கும்.

“இது என்ன?”

“திராட்சை ஸ்மூதி.”

“திராட்சை மட்டுமா?”

“வாழைப்பழமும்.”

நீதிபதி உறிஞ்சினாள். இன்னொரு முறை உறிஞ்சினாள். வழக்கு தள்ளுபடி.

மறுநாள் தையல்காரர் அளவு நாடாவைக் கழுத்தில் போட்டபடி சமையலறைக்கு வந்தார். “பொண்ணுக்கு மட்டும்தானா? எனக்கு ஒண்ணு போடக்கூடாதா?”

அவளுக்குக் கால் தரையில் படவில்லை. கல்யாணமான நாள் முதல் ஒரு கீரைத்தண்டுகூட வாயில் வைக்காத மனிதர்! ஒரே மிக்ஸி, ஒரே திருட்டு, இரண்டு பேர். அதிலிருந்து தினமும் இரண்டு குவளை.

ரத்தம் கெட்டி என்று டாக்டர் மாத்திரையைக் கூட்டிய மறுநாள் அவள் கீரையை ஒரு கைப்பிடி கூட்டினாள். கீரை ரத்தத்தைச் சுத்தம் பண்ணும் என்றுதானே எல்லோரும் சொல்கிறார்கள். பயந்துபோன நேரத்தில் அவளுக்குத் தெரிந்த வைத்தியம் அது ஒன்றுதான். அடுத்த பரிசோதனைக்கு அவர் கடையிலிருந்து தனியாகவே போய்வந்தார். டாக்டர் மாத்திரையை இன்னும் கூட்டினார். அவளும் கூட்டினாள்.

அப்புறம் ஒரு காலை, கீரைக் காம்பு ஒன்று வடிகட்டிக்குத் தப்பியது.

“அம்மா.” நீதிபதி உறிஞ்சுகுழலை மேசைமேல் தட்டினாள். பச்சையாக ஒரு துணுக்கு விழுந்தது. “இது என்ன?”

“திராட்சைக் காம்புடி.”

“திராட்சைக் காம்பை நான் பார்த்ததில்லையா? இது கீரை. எத்தனை நாளா நடக்குது?”

“மெதுவா பேசு. அப்பா காதுல விழப்போகுது.”

“அப்பாவுக்கும் இதேதானா?” அவள் கண் விரிந்தது. “அப்பாவுக்குத் தெரியாதா?”

“தெரிஞ்சா குடிப்பாரா? உன் அப்பாவாச்சே.”

“என்கிட்ட பொய் சொன்னே நீ.” குரல் உடைந்தது. அம்மாவுக்கு அதுதான் தாங்கவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

“சரிம்மா. இனிமே போடலை. உனக்கும் போடலை, அவருக்கும் போடலை. ஆனா நீ அப்பாகிட்ட சொல்லக்கூடாது.”

“சத்தியமா போடமாட்டே?”

“சத்தியமா.”

ஐஸ்கிரீம் டப்பா குப்பைக்குப் போனது. குவளைகளில் திராட்சையும் வாழைப்பழமும் மட்டும். தையல்காரருக்கு வித்தியாசம் தெரியவில்லை. “இன்னிக்கு இன்னும் ருசியா இருக்கே” என்றார்.

இரண்டாவது வாரம், கடையின் ஷட்டரைத் தூக்கும்போது அது பாதியில் இறங்கி அவர் நெற்றிப்பொட்டில் இடித்தது. “ஒண்ணுமில்ல, சின்ன வீக்கம்” என்றார். மறுநாள் சாயங்காலம் தலை வலிக்கிறது என்றார். அவர் தலைவலி என்று சொல்லி அவள் கேட்டதே இல்லை.

விளக்கு வைக்கிற நேரம், முன்னறைக் கடையிலிருந்து அழைத்தார். “கொஞ்சம் பஞ்சு கொண்டா.”

வெள்ளைச் சட்டை ஒன்று மெஷின்மேல் கிடந்தது. அதில் சிவப்பாகப் பொட்டுப்பொட்டாக. ஊசி குத்தியிருந்தது. ஊசி குத்துவது அவருக்குக் கொசு கடிப்பது மாதிரி. விரலை வாயில் வைத்துவிட்டு வேலையைப் பார்ப்பார்.

“எப்ப குத்திச்சு?”

“டீ குடிக்கறதுக்கு முன்னாடி.”

“இன்னுமா நிக்கலை?”

“நிக்குது, திரும்ப வருது. காலையில பல்லு தேய்க்கும்போதும் வந்துச்சு.”

“ஏன் சொல்லலை?”

“சொன்னா நீ இப்படி முழிப்பே.”

அவள் பஞ்சை வைத்து அழுத்தினாள். பஞ்சு நனைந்தது. இன்னொன்று வைத்தாள். ரத்தம் கெட்டி, கெட்டி என்றுதானே சொன்னார்கள்? கெட்டியான ரத்தம் இப்படியா ஓடும்? அவர் முழங்கையைத் திருப்பினாள். பெரிய நீலம், யாரோ மிதித்த மாதிரி.

மகளைக் கூப்பிட்டு மருத்துவமனைக்குப் போன் போடச் சொன்னாள். தன் கைகளில்தான் ரத்தமாயிற்றே. மகள் ஒலிபெருக்கியில் போட்டாள்.

“மாத்திரை வேளை தவறாம சாப்பிடறாரா?” என்று நர்ஸின் குரல்.

“சாப்பிடறேன் சிஸ்டர்” என்றார் தையல்காரர்.

“தலையில அடி பட்டுச்சா?”

“ஷட்டர் இடிச்சுது. நேத்து.”

நர்ஸின் குரல் வேகமெடுத்தது. “புதுசா மருந்து ஏதாவது? சாப்பாட்டுல மாத்தம்? கீரை சாப்பிட்டுக்கிட்டு இருந்து நிறுத்தினாரா?”

“அவர் கீரையே சாப்பிடமாட்டாரு” என்றாள் அம்மா. பழக்கத்தில் வாய் தானாகச் சொல்லிவிட்டது. சொன்ன பிறகுதான் காதில் விழுந்தது. “ஏன் சிஸ்டர்? கீரைக்கும் இதுக்கும் என்ன?”

“கீரை, அந்த மாத்திரையை அடக்கி வைக்கும்மா. சாப்பிட்டுக்கிட்டே இருந்தா மாத்திரை அதிகமா தேவைப்படும். திடீர்னு நிறுத்தினா அந்த அதிக மாத்திரை முழுசா வேலை செய்யும். ரத்தம் நிக்காது. உள்ளேயும் கசியலாம். அதான் கேக்கறேன்.”

மகள் அம்மாவைப் பார்த்தாள். நிறுத்தச் சொல்லிச் சத்தியம் வாங்கியவள் அவள், அப்பாவிடம் சொல்லாமல் காத்தவளும் அவள். தையல்காரர் பஞ்சைப் பார்த்துக்கொண்டிருந்தார். டிக் டிக் என்று அவர் நெஞ்சு அந்தச் சின்ன அறையில் நன்றாகக் கேட்டது.

சொன்னால் இவர் முகம் என்ன ஆகும்? சொல்லாவிட்டால்?

“கொடுத்தேன் சிஸ்டர்” என்றாள். “தினமும். ஸ்மூதியில அரைச்சு, அவருக்குத் தெரியாம. முதல்ல ஒரு கைப்பிடி, அப்புறம் ரெண்டு, அப்புறம் மூணு. இப்ப ரெண்டு வாரமா நிறுத்திட்டேன்.”

தையல்காரர் தலையைத் தூக்கினார்.

“இப்பவே அரைச்சுக் கொடுத்துடட்டுமா? ஒரு கட்டு வாங்கிட்டு வந்து—”

“வேண்டாம்! ஒண்ணும் கொடுக்காதீங்க. இன்னிக்கு மாத்திரையும் வேண்டாம். உடனே எமர்ஜென்சிக்குக் கூட்டிட்டு வாங்க. தூங்க விடாதீங்க, பேசிக்கிட்டே வாங்க.”

ஆட்டோவில் நடுவில் அவர், இரண்டு பக்கமும் இவர்கள். விரலில் சுற்றிய துணியைத் தூக்கிப் பிடித்திருந்தார்.

“பேசுங்க” என்றாள் அவள்.

“என்ன பேச?”

“திட்டுங்க.”

“திராட்சைன்னு சொன்னியே.”

“ஆமா.”

“தினமும் நல்லா இருக்குன்னு சொன்னேனே உன்கிட்ட.” அதற்குமேல் அவர் பேசவில்லை. அவர் பேசாதது கோபத்தினாலா, தலைக்குள் ஏதோ ஆகிவிட்டதாலா? அவளுக்குத் தெரியவில்லை. “என்னங்க, என் பேரைச் சொல்லுங்க” என்றாள். அவர் வெளியே சாலையைப் பார்த்தார். அவள் அவர் தோளைப் பிடித்து உலுக்கினாள். “பேரைச் சொல்லுங்க!”

“அப்பா, சொல்லிடுங்கப்பா” என்று மகள் அழுதாள்.

அவர் பெயரைச் சொன்னார். தெளிவாகத்தான் சொன்னார். ஆனால் கடை வாசலில் வந்து நிற்கிற யாரோ ஒருத்தியின் பெயரைச் சொல்வதுபோலச் சொன்னார்.

தலையைப் படம் எடுக்க உள்ளே கொண்டுபோனார்கள். வெளியே நாற்காலியில் தாயும் மகளும்.

“நான் கண்டுபிடிச்சிருக்கவே கூடாதும்மா.”

“நீ எதுவும் பண்ணலைடி.”

“நான் நிறுத்தச் சொன்னேன்.”

“நான் சொல்லாமப் போட்டேன். சொல்லாம நிறுத்தினேன். ரெண்டும் நான்தான்.”

டாக்டர் வந்தபோது அவள் எழுந்து நின்றாள். “மூளையில கசிவு இல்லை” என்றார். மகள் அவள் சேலைக்குள் முகத்தைப் புதைத்தாள். “ஆனா ரத்தம் ரொம்ப நீர்த்திருக்கு. வால்வு இருக்கிறதால ஒரேயடியாக் கெட்டியாக்கவும் பயம், மாத்திரையோட வேகத்தை மெதுவாத்தான் இறக்கணும். சில நாள் இங்கதான். நீங்க சொன்னதாலதான் பிடிச்சோம்மா. கீரையே சாப்பிடாதவர்னு நான் வேற எங்கேயோ தேடிக்கிட்டு இருந்திருப்பேன்.” போகும்போது திரும்பிச் சொன்னார்: “கீரை தப்பில்லை. கொடுக்கறதுன்னா தினமும் ஒரே அளவு. எனக்குத் தெரியணும். அவருக்கும்.”

வீடு திரும்பிய காலை, அவள் மிக்ஸிக்கு முன்னால் நின்றாள். பொத்தானில் விரல் வைக்க முடியவில்லை. தையல்காரர் வந்து, கழுத்தில் இருந்த நாடாவை எடுத்து மேசைமேல் வைத்தார்.

“என்னென்ன போட்டிருக்கே?”

“கீரை ஒரு கைப்பிடி. டாக்டர் சொன்ன அளவு. வாழைப்பழம் ஒண்ணு, பாதி கேரட், பேரீச்சை, திராட்சை.”

“வேற?”

“வேற ஒண்ணுமில்லைங்க.”

“நான் பக்கத்துலயே நின்னு பார்த்தேன்பா” என்றாள் நீதிபதி. “சாட்சி நான்.”

மிக்ஸி ஓடியது. மூடி இல்லாத கண்ணாடி டம்ளரில் அவள் ஊற்றினாள். திராட்சைக்கு மேலே ஓரத்தில் பச்சை தெரிந்தது. மறைக்க அவள் எதுவும் செய்யவில்லை.

அவர் டம்ளரை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்தார். சுற்றிச் சுற்றிப் பார்த்தார். பிறகு அவள் பக்கம் நீட்டினார்.

“நீ முதல்ல ஒரு வாய் குடி.”

கண்ணில் பழைய சிரிப்பு கொஞ்சம் இருந்தது. மகள் சிரித்தாள். அவளும் சிரித்துக்கொண்டேதான் டம்ளரை வாங்கினாள், ஆனால் கொஞ்சம் புடவையில் சிந்தியது. ஒரு வாய் குடித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தாள். அவள் விழுங்கி முடிக்கும்வரை அவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம்தான் குடித்தார்.