கிளாரிஸின் ஊர்

ஒரு ஆளின் ஊர் தெரியாவிட்டால் மங்கையற்கரசிக்குச் சோறு இறங்காது. ஜெர்மன் நகரமான வுப்பர்டாலில் ஆஸ்பத்திரிகளுக்கும் ஹோட்டல்களுக்கும் துணி வெளுத்துக் கொடுக்கும் தொழிற்சாலையில் பகல் ஷிஃப்டுக்கு அவள்தான் மேற்பார்வை. புதிதாக ஒரு தமிழ் ஆள் வேலைக்கு வந்தால் உடுப்பு மாற்றும் முன்பே பிடித்துவிடுவாள். ஊர் எது, ஊருக்குள்ளே எந்தப் பக்கம், கோயிலடியா பள்ளிக்கூடத்தடியா, ஆற்றை பிள்ளை, தாய்தகப்பன் யார்? அதற்குள் அந்த ஆளின் சாதி அவள் கைக்கு வந்துவிடும். பிறகுதான் அவர் வீட்டில் தேத்தண்ணி குடிக்கலாமா கூடாதா என்ற முடிவு. இதைக் கெட்ட குணம் என்று யாராவது சொல்லியிருந்தால் அவள் ஆச்சரியப்பட்டிருப்பாள். மனிதரைத் தெரிந்து பழகுவதில் என்ன பிழை?

கிளாரிஸ் மட்டும் பிடி கொடுக்கவில்லை. ஐவரி கோஸ்டிலிருந்து வந்தவள். முப்பது வயதிருக்கும். இருவருக்கும் பொதுவாக இருந்தது அரைகுறை ஜெர்மன்தான். அதில் எப்படிச் சுற்றிவளைத்துக் கேட்டாலும் "அபிஜான்" என்ற ஒரே பதில். அபிஜான் அந்த நாட்டின் பெரிய பட்டணம் என்பது மங்கைக்குத் தெரியாதா என்ன?

"கொழும்பு எண்டு சொல்லுறவையெல்லாம் கொழும்பே, அண்ணை? இவள் எதையோ ஒளிக்கிறாள்" என்று லொறி ஓட்டும் சிற்றம்பலத்திடம் பொருமினாள்.

"அவள் ஒளிச்சால் உங்களுக்கென்ன பிள்ளை? துணியை மடிக்கிறாளோ இல்லையோ, அதைப் பாருங்கோ" என்றார் அவர். பத்து வருடமாக ஒன்றாக வேலை செய்தும் மங்கை தன் வீட்டில் ஒரு வாய் தண்ணீர் குடித்ததில்லை என்பது அவருக்குத் தெரியும். ஏன் என்பதும் தெரியும்.

அதே நாட்டுக்காரன் இன்னொருவனும் அங்கே இருந்தான், செர்ஜ். நெடுவல், வாயாடி, மங்கையை "மம்மா" என்று கூப்பிடுபவன். அந்த ஒரு சொல்லுக்காகவே அவனுக்கு நல்ல வேலையாகக் கொடுப்பாள். இடைவேளையில் எல்லோருக்கும் அரசியல் வகுப்பு எடுப்பான்.

"எங்கள் நாடு ஆப்பிரிக்காவின் பாரிஸாக இருந்தது, மம்மா. கொக்கோ பிடுங்க வடக்கிலிருந்து வந்தார்கள், எல்லைக்கு அப்பாலிருந்தும் வந்தார்கள். சோறு போட்டோம். இப்போது ஆட்சிக் கதிரையும் வேண்டுமாம். ரெண்டு வருஷம் முன்பு துவக்கைத் தூக்கி நாட்டைப் பாதியாகப் பிளந்துவிட்டார்கள். வந்தேறிகள்!"

செர்ஜ் பேசத் தொடங்கினால் கிளாரிஸ் தன் சாப்பாட்டுப் பெட்டியை மூடிக்கொண்டு எழுந்து போய்விடுவாள். அதையும் மங்கை கவனித்தாள்.

இரண்டாயிரத்து நான்காம் ஆண்டு ஒக்டோபரில் மங்கையின் பொறுமை போனது. கிளாரிஸை இஸ்திரி உருளையிலிருந்து எடுத்து அழுக்குப் பக்கத்தில் போட்டாள். ஆஸ்பத்திரி விரிப்புகளை இரத்தத்தோடும் மலத்தோடும் பிரித்துப் போடும் இடம் அது. சும்மா ஒரு வீம்புதான். இரண்டு கிழமை தாக்குப்பிடித்த கிளாரிஸ் ஒருநாள் கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு வந்து அவள் முன்னால் நின்றாள்.

"உனக்கு என் ஊர்தானே வேண்டும்? கோரோகோ. வடக்கு. கடதாசியில் இருக்கும் பெயர் தெற்கத்திப் பெயர், காசு கொடுத்து வாங்கியது. என் பெயர் மரியம். அபிஜானில் என் தம்பியும் அதே பொய்க் குடும்பப் பெயரில்தான் இருக்கிறான். தெரிந்தால் கொன்றுவிடுவார்கள். யாருக்கும் சொல்லாதே. இப்போது என்னை உருளைக்கு மாற்று."

மங்கை அன்றைக்கே மாற்றினாள். சத்தியமும் செய்தாள். செய்தபோது உண்மையாகத்தான் செய்தாள்.

ஆனால் வாய் இருக்கிறதே! அடுத்த கிழமை இடைவேளையில் செர்ஜ் வழக்கம்போல ஆரம்பிக்க, கிளாரிஸ் எழுந்து போனாள். வடக்கத்தியானின் நெற்றியைப் பார்த்தே சொல்லிவிடுவானாம், மூச்சு விடுவதிலிருந்தே கண்டுபிடித்துவிடுவானாம். ஆட்களை எடைபோடுவதில் தன்னை மிஞ்சி ஒருவன் அலட்டுவதை மங்கையால் தாங்க முடியவில்லை.

"நீ கிழிச்சாய்" என்று தமிழில் சிரித்துவிட்டு ஜெர்மனுக்கு மாறினாள். "கூட வேலை செய்பவளை உனக்குத் தெரியவில்லை. கிளாரிஸ் கோரோகோக்காரி."

சொல்லி முடித்த கையோடு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. செர்ஜ் சிரிக்கவில்லை. "அப்படியா, மம்மா" என்று மெதுவாகச் சொல்லிவிட்டு கோப்பையைக் கழுவி வைத்தான். அவன் கோப்பை கழுவி அவள் பார்த்ததேயில்லை.

மறுநாள் காலையில் உடுப்பு மாற்றும் இடத்தில் எல்லோருக்கும் கேட்கும்படி, "காலை வணக்கம், கோரோகோ" என்றான்.

கிளாரிஸ் அவனைப் பார்க்கவில்லை. நேராக மங்கையிடம் வந்தாள். முகம் சாம்பல் பூத்திருந்தது.

"ஏன்?"

மங்கை "வாய் தவறி" என்று இழுத்தாள்.

"வாய் தவறியா? கேள். என் தாத்தாவை வெள்ளைக்காரன் தெற்கே காட்டு வேலைக்குப் பிடித்துக்கொண்டு போனான். காட்டை வெட்டிக் கொக்கோ நட்டது அவர். சுதந்திரம் வந்தபோது முதல் ஜனாதிபதி, நிலத்தை உழுகிறவனுக்கே நிலம் என்றார். கொக்கோ விலை நன்றாக இருந்தவரை நாங்களும் அந்த நாட்டுச் சனம்தான். விலை விழுந்தது, அந்த ஜனாதிபதிக் கிழவரும் செத்தார். கதிரைக்குச் சண்டை போட்டவர்களுக்கு ஒரு குற்றவாளி தேவைப்பட்டான். தாயும் தகப்பனும் இந்த மண்ணில் பிறந்திருந்தால்தான் தேர்தலில் நிற்கலாம் என்று சட்டம் போட்டார்கள். தேர்தலில் நிற்கிறவனோடு அது நின்றதா? தெருவில் நின்ற பொலிஸ்காரன் பஸ்ஸை மறித்தான். பெயர் என்ன, ஊர் எது, தகப்பன் யார். பதில் பிடிக்காவிட்டால் அடையாள அட்டையைக் கிழித்தான், ஆளை இறக்கினான். துவக்கெல்லாம் பிறகுதான் வந்தது. முதலில் வந்தது உன் கேள்வி."

மங்கைக்குப் பயத்தோடு கோபமும் வந்தது. தன் ஷிஃப்டில் ஒருத்தி தன்னை நிற்கவைத்துக் கேள்வி கேட்பதா என்ற கோபம். அந்தக் கோபத்துக்காக அவள் அன்று முழுவதும் தன்னையே வெறுத்தாள்.

நவம்பர் முதல் கிழமையில் ஐவரி கோஸ்ட் அரசாங்க விமானங்கள் வடக்கில் குண்டு போட்டன. இரு தரப்புக்கும் நடுவில் நின்ற பிரெஞ்சு இராணுவமும் அடிபட்டது. பதிலுக்கு அது விமானங்களை அழிக்க, அபிஜான் தெருக்களில் கும்பல் இறங்கியது. தொலைக்காட்சியில் எரியும் கடைகளைக் காட்டினார்கள். கிளாரிஸின் தம்பியின் போன் அடித்துக்கொண்டேயிருந்தது, எடுப்பார் இல்லை. பிறகு அடிப்பதும் நின்றது.

மங்கை செர்ஜைத் துணிக்கூடைகளுக்குப் பின்னால் மடக்கினாள்.

"யாருக்குச் சொன்னாய்? அந்தப் பொடியனை என்ன செய்தீர்கள்?"

"நானா? நான் இங்கே உன்னோடு துணி மடிக்கிறேன்" என்றான் அவன். "என் மச்சானிடம் மட்டும் சொன்னேன். அவளுடைய குடும்பப் பெயரில் ஒருவன் அவன் தெருவில்தான் இருந்தானாம். பக்கத்து வீட்டில் இருப்பது யார் என்று தெரிய வேண்டாமா, மம்மா?"

கன்னத்தில் அறைந்துவிட்டாள். அவன் கையை ஓங்கவில்லை, திட்டவுமில்லை. கன்னத்தைத் தடவிக்கொண்டு, "இதை மேலே சொன்னால் உன் வேலை போகும். சொல்ல மாட்டேன். என்னிடம் சொன்னது நீதானே" என்றான்.

மூன்று நாள் வராமலிருந்த கிளாரிஸ் நாலாம் நாள் வந்தாள். கண்ணில் ஈரம் இல்லை. தலையை ஒழுங்காகக் கட்டியிருந்தாள்.

"என்னைச் செர்ஜோடு உருளையில் போடு" என்றாள்.

மங்கைக்கு விளங்கவில்லை. "அவனோடா? அவன்தானே... நான் அவனை வேறு பக்கம் அனுப்புகிறேன். மன்னித்துக்கொள், கிளாரிஸ், நான்..."

"உன் மன்னிப்பு எனக்கு வேண்டாம். அதை வைத்து என்ன செய்வது? தம்பி உயிரோடு இல்லை. அது தெரியும். எங்கே போட்டார்கள் என்று தெரியாது. காட்டிக்கொடுத்தவன் இவன் மச்சான் என்று அயலவர் அம்மாவுக்குச் சொன்னார்கள், அவனுக்குத் தெரியும். மச்சான் எனக்குச் சொல்ல மாட்டான், இவனுக்குச் சொல்வான். இவனிடம் நான் நல்லபடியாகக் கேட்க வேண்டும். அம்மா அடக்கம் செய்யக் கேட்கிறாள்."

"அவன் சொல்லாவிட்டால்?"

"சொல்லும்வரை கேட்பேன். நீ குறுக்கே வராதே. எனக்காக அவனோடு சண்டை பிடிக்காதே, முகத்தைக் காட்டாதே. நீ வாயைத் திறக்காமல் இருந்தால் போதும்."

மங்கை இருவரையும் ஒரே உருளையில் போட்டாள். ஈர விரிப்பின் ஒரு முனையை அவனும் மறு முனையை அவளும் பிடித்து இழுத்து உருளைக்குள் விட வேண்டும். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் அந்த வேலையைச் செய்ய ஏலாது. இயந்திரச் சத்தத்தில் செர்ஜ் ஏதோ பிரெஞ்சில் சொன்னான். நல்ல பகிடியாக இருக்க வேண்டும். கிளாரிஸ் தலையைச் சாய்த்துப் பல் தெரியச் சிரித்தாள். அவன் இன்னொன்று சொன்னான். அதற்கும் சிரித்தாள்.