அடிபடாத முகம்

செல்போனிலிருந்து வந்த முதல் அறை, ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினொன்றேகாலுக்கு, பேருந்து ஓட்டுநர் ஒருவரின் இடது கன்னத்தில் விழுந்தது. ஏதோ ஒரு குழுவில் அவர் எழுதியதற்கு முன்பின் தெரியாத ஒருவர் கோபமாகப் பதில் போட்டிருந்தார். கடைவாய்ப்பல் ஒன்று போயிற்று. அந்த வாரத்துக்குள், போனில் வந்த ஒவ்வொரு வசவுக்கும் ஊரே அடிவாங்க ஆரம்பித்தது. சம்பந்தி மூக்கை உடைத்தார், மேலதிகாரி விலா எலும்பை. ஒரே மாதத்தில் பழகியும் விட்டது. காயத்தை வைத்து ஆளை எடைபோட்டார்கள். நம்மை நாலு பேருக்குத் தெரிந்திருந்தால்தானே அடியே விழும்!

கடைத்தெருவில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்தவளுக்கு மூச்சுவிட நேரமில்லை. நசுங்கிய ஃப்ரேம்களை நிமிர்த்திக்கொண்டே இருந்தாள். அவள் முகத்தில் மட்டும் ஒரு கீறல் இல்லை. போனில் ஆயிரத்துச் சொச்சம் பேர் இருந்தார்கள். அவளைத் திட்டக்கூட ஒருவரும் மெனக்கெடவில்லை. அம்மாவின் சாவுக்கும் வராத அண்ணன் பேசி ஆறு வருஷம். அவன் ஒரு வார்த்தை எழுதமாட்டானா என்று ஏங்கிக் கிடந்தாள். வெட்கம் பிடுங்கித் தின்ன, ஒருநாள் தன் கண்ணாடியைத் தானே வளைத்து மாட்டிக்கொண்டாள். அடியில் உள்ளே நசுங்கிய ஃப்ரேம்களை வெளியே தள்ளித் தள்ளிப் பழகிய கை, அதையும் வெளியேதான் வளைத்தது. வாடிக்கையாகக் கண்ணாடி உடைத்துக்கொள்ளும் தையல்காரர் உற்றுப் பார்த்தார்.

“அடி விழுந்தா உள்ளதானேம்மா போகும்? இது வெளிய வந்திருக்கே. நீயே பண்ணிக்கிட்டியா?”

வரிசையில் நின்றவர்கள் கிழிந்த உதடுகளோடு சிரித்தார்கள். அவளுக்கு உயிரே போய்விட்டது. அங்கேயே நின்று அண்ணனுக்கு எழுதினாள்: ‘அம்மா செத்தப்பக்கூட வராத கோழை நீ.’ படித்தான், பதில் இல்லை. தினமும் எழுதினாள், ஒன்றைவிட ஒன்று கேவலமாக. பத்தாம் நாள், கடை நிறையக் கூட்டம் இருக்கையில், அண்ணன் எழுதிக்கொண்டிருப்பதாகத் திரை காட்டியது. அவள் கண்ணாடியைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு முகத்தை நீட்டினாள். விழுந்த அறையில் பின்னாலிருந்த அலமாரியை உடைத்துக்கொண்டு போய் விழுந்தாள். இரண்டு பல் தெறித்தது, முதுகெல்லாம் கண்ணாடிச் சில்லு. கிடந்தபடியே படித்தாள்: ‘வாய மூடு கழுதை. அன்னைக்கு வாசல் வரைக்கும் வந்தேன்டி. உன் மூஞ்சியப் பாக்க தைரியம் இல்லாம திரும்பிட்டேன்.’

தையல்காரர் கைகொடுத்துத் தூக்கினார். “யாரும்மா?”

“எங்கண்ணன்” என்றாள், வாயெல்லாம் ரத்தமாக.

“கூடப் பொறந்தவரா?” அவர் குரலில் பொறாமை இருந்தது. பிறகு தன் ஃப்ரேம் எப்போது தயாராகும் என்று கேட்டார். நாளை மறுநாள் வரச்சொன்னாள்.