ராஜரத்தினத்தின் பிண வேடம்

மெல்பேர்னில், நோபல் பார்க்கில் தனியாக இருக்கும் ராஜரத்தினத்துக்கு ஆஸ்திரேலியத் தொலைக்காட்சி இதுவரை கொடுத்த வேடங்களைச் சொன்னால் சிரிப்பீர்கள். லெபனான் கடைக்காரர், பாகிஸ்தான் டாக்சிக்காரர், ஈராக்கிலிருந்து வந்த வெடிகுண்டுக்காரர், பிஜித் தீவுப் பூசாரி. ஊருலகம் முழுக்க நடித்துவிட்டார், சொந்த யாழ்ப்பாணத்தான் வேடம் மட்டும் வாய்க்கவில்லை.

அவருக்குத் துணை, ஒசிப் வரென்கோ என்ற ரஷ்யன். புரட்சிக்குப் பயந்து அமெரிக்காவுக்கு ஓடிவந்து ஊமைப் படங்களில் நடித்தவன். ராஜரத்தினம் யூடியூபில் தேடித் தேடி அவனைப் பார்ப்பார். அரபு ஷேக், மெக்சிக்கோக் கொள்ளைக்காரன், சீன வியாபாரி, இந்திய மகாராஜா என்று எதைக் கொடுத்தாலும் தட்டாமல் செய்திருக்கிறான். படம் பேசத் தொடங்கியதும் அவனுடைய ரஷ்ய உச்சரிப்பு யாருக்கும் வேண்டாமல் போயிற்று. பிறகு முதல் காட்சியிலேயே சாகிற வேடங்கள்தான். அவற்றிலும் குறை வைக்காமல் செத்திருக்கிறான்.

"வாய் திறக்காமல் எப்பிடிச் சாகிறான் பாருங்கோ" என்று சொல்ல வீட்டில் ஆளில்லை. மனைவி தனேஸ்வரி போய்ச் சேர்ந்து நாலு வருடமாகிறது. மகன் சுபாங்கனுக்கு சிட்னியில், வெஸ்ட்மீட்டில் வேலை. 'குண்டுக்காரன் மகன்' என்று பள்ளிக்கூடத்தில் வாங்கிய பகிடியை அவன் இன்னும் மறக்கவில்லை. தாயின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்குப் பிறகு அவனிடமிருந்து ஒரு போன்கூட இல்லை. இவர் கூப்பிட்டாலும் மணி அடித்து ஓயும்.

போன வியாழக்கிழமை இவருக்கும் பிண வேடம் வந்தது. ஒரு தொடரில் யாழ்ப்பாணத் தமிழ்க் குடும்பத்துத் தகப்பனின் செத்தவீடு. கடைசியில் யாழ்ப்பாணத்தான் வேடம் கிடைத்துவிட்டது, பாவம், செத்த பிறகு. பட்டு வேட்டியும் திருநீறும் மாலையுமாகப் பெட்டிக்குள் அசல் பிணமாகவே கிடந்தார். ஒப்பனைக்காரப் பெண்ணிடம் தன் போனைக் கொடுத்து ஒரு படம் எடுக்கச் சொன்னார். வீட்டுக்கு வந்த கையோடு அதைப் பழைய நாடக நண்பர்களின் வாட்ஸ்அப் குழுவில் போட்டார். ஒரு சொல் எழுதவில்லை. பார்த்துவிட்டு அவர்களே கேட்கட்டும் என்ற நடிகனின் கொழுப்பு.

நம்மவர்கள் எங்கே கேட்பார்கள்? பெட்டியும் மாலையுமாக ஒருவரின் படம் வந்தால் அதற்கு அர்த்தம் ஒன்றுதான். செத்தவரின் போனிலிருந்தே வீட்டார் அறிவிப்பதும் இப்போது வழக்கமாகிவிட்டது. வெள்ளி காலையில் எழும்பிப் பார்த்தால் குழு முழுக்கக் கூப்பிய கைகள். டொரன்டோவிலிருந்து செந்தூரன் 'ஒப்பற்ற கலைஞன்' என்று எழுதியிருந்தார், இத்தனை காலமும் ஒரு லைக் போடாத மனுஷன். கடைசியாக லண்டன் நாகேஸ்வரி அக்கா: 'சுபாங்கனுக்கும் மெசேஜ் போட்டிட்டன். பாவம் பிள்ளை.'

'நான் சாகேல்லை' என்று எழுதப்போன விரல் அந்த வரியைக் கண்டதும் நின்றது. மகனுக்குத் தெரிந்துவிட்டதென்றால் அவன் கூப்பிடுவான். கூப்பிட்டதும் 'நான்தானடா, அப்பா' என்று சொல்லிவிடலாம். திட்டட்டும். திட்டுவதற்காவது பேசுவான் அல்லவா? வெட்கங்கெட்ட ஆசைதான், ஆனாலும் அவன் குரலைக் கேட்க அவ்வளவு ஏங்கிப்போயிருந்தார். மற்றவர்களுக்குப் பதில் போடாமல், போனை மடியில் வைத்துக்கொண்டு கதிரையிலேயே இருந்தார். தேத்தண்ணி ஆறிப்போயிற்று.

மத்தியானம் திரையில் மகனின் பெயர் வந்தது. சட்டென்று எடுத்துக் காதில் வைத்தார். 'ம்' என்பதற்குள் மறுபக்கம் குரல் வந்தது.

"ஹலோ, நான் சுபாங்கன், ராஜரத்தினத்தின்ரை மகன்." குரலில் அழுகை இல்லை. "அங்கை ஆர் நிக்கிறியள் எண்டு தெரியேல்லை. ஃபியூனரல் எப்ப, அங்கிள்?"

இவர் வாயைத் திறப்பதற்குள் அவனே தொடர்ந்தான்.

"எனக்கு லீவ் எடுக்கிறது கஷ்டம். லைவ் லிங்க் போடுவினம்தானே? அனுப்பிவிட்டியள் எண்டால் இஞ்சை இருந்தே பாப்பன்."

சிட்னியிலிருந்து மெல்பேர்னுக்கு விமானத்தில் ஒன்றரை மணித்தியாலம். 'அப்பா' என்ற சொல்லை ராஜரத்தினம் விழுங்கிக்கொண்டார். செருமிக்கொண்டு, குரலைத் தாழ்த்தி, தன் வயதுக்காரர் வேறொருவரைப்போலப் பேசினார்.

"ஓம் தம்பி, போடுவினம். நான் சொல்லிவிடுறன்."

"தாங்க்ஸ் அங்கிள்" என்று சொல்லி அவன் வைத்துவிட்டான். தான் அவ்வளவு நன்றாக நடித்தோமா, இல்லை தன் குரலே மகனுக்கு மறந்துபோயிற்றா என்று ராஜரத்தினத்துக்குத் தெரியவில்லை.