பேசாத ஒரு நிமிடம்

1

இந்தக் கதை நான் யோசித்துக் கண்டுபிடித்ததல்ல. வீணாய்ப்போன ஓர் ஒலிப்பதிவிலிருந்து எடுத்தது. குடும்ப நீதிமன்றங்களில் பிள்ளைகளின் விருப்பத்தை யாரும் கேட்பதில்லை, கேட்கிற முறை வர வேண்டும் என்று ஓர் ஆவணப்படம் எடுக்கிறார்கள். அதற்குப் பின்னணி உரை எழுதுவது என் வேலை. ஒலிப்பதிவாளர் பதிவில் ஒரு துண்டைப் போட்டுக் காட்டி, "இது படத்துல வராது, சும்மா கேளுங்க" என்றார். சும்மா கேட்கிற ஆளா நான்?

2

நீதிமன்றத்தின் நீண்ட தாழ்வாரத்தில் அந்தத் தாய்...

(வேண்டாம். நீதிமன்றக் கதை என்றாலே தாழ்வாரம்தானா?)

குடும்ப நீதிமன்ற ஆலோசகரின் அறை. வட்ட மேசை, கால் ஆடும் நாற்காலி, சுவரில் ஈரக்கறை. அப்பா, அம்மா, பள்ளிச் சீருடையில் மூத்தவள், அவள் மடியில் சரிந்து கிடக்கும் தங்கை. எல்லாவற்றுக்கும் சண்டை போட்ட பெற்றோர் ஒன்றில் மட்டும் ஒத்துப்போயிருந்தார்கள்: ஆளுக்கு ஒரு பிள்ளை. நீதிபதி கையெழுத்துப் போட்டால் முடிந்தது.

(அப்பாவை முதலில் வில்லனாகத்தான் எழுதினேன். ஆனால் பதிவில் அவர், "அந்த ஜன்னலைக் கொஞ்சம் சாத்துங்க, பாப்பாவுக்குச் சளி" என்கிறார். என் வில்லன் அங்கேயே படுத்துவிட்டான்.)

3

படப்பிடிப்பில் ஒரு வழக்கம் உண்டு. பேச்சை வெட்டி ஒட்டும்போது இடைவெளிகளை நிரப்ப, அந்தந்த அறையின் வெறும் சத்தத்தையும் பதிந்துகொள்வார்கள்.

"ஒரு நிமிஷம் யாரும் பேசாதீங்க" என்கிறார் ஒலிப்பதிவாளர்.

மின்விசிறி ஓடுகிறது. வெளியே யாரோ இருமுகிறார்கள். பிறகு மூத்தவளின் குரல்:

"என்னையும் பாப்பாவையும் பிரிக்காதீங்க. அவ என் கையப் பிடிச்சுக்கிட்டாத்தான் தூங்குவா."

"கண்ணு, இப்ப பேசக் கூடாதும்மா" என்கிறார் ஒலிப்பதிவாளர்.

"எல்லாரும் பேசாம இருந்தாங்களா, என் முறை வந்துடுச்சுன்னு நெனச்சேன்."

இந்த இடத்தில் நான் அழுதேன். எழுதுகிறவன் தான் அழுததை எழுதக் கூடாது என்பார்கள். எழுதிவிட்டேன்.

4

பிள்ளைகளின் முகமோ குரலோ படத்தில் வரக் கூடாது என்பது விதி. நல்ல விதிதான். அதனால்தான் கதையாக்குகிறேன். இங்கே அவள் சொற்களைக்கூட மாற்றியிருக்கிறேன். தங்கை உண்மையில் தம்பியாகவும் இருக்கலாம். அவள் கேட்டதை மட்டும் மாற்றவில்லை.

முடிவு ஒன்று: நீதிபதி மனம் மாறி... (அவரை நான் பார்த்ததே இல்லை.)

முடிவு இரண்டு: பெற்றோர் மறுபடியும் சேர்ந்து... (இந்த வரியை அடித்துவிட்டேன். அவர்கள் பிரியட்டும். அதற்காகப் பிள்ளைகளும் ஏன் பிரிய வேண்டும்?)

பதிவில் மிச்சம் இருப்பது இவ்வளவுதான். "இன்னொரு தடவை எல்லாரும் பேசாம இருப்போம்" என்கிறார் ஆலோசகர்.

"பரவால்ல மேடம், வேணுங்கிற அளவு எடுத்தாச்சு."

"உங்களுக்காக இல்ல சார். அந்த மெஷின அணைச்சிடுங்க."

நாற்காலியின் கால் தரையில் தட்டுகிறது. அம்மாவின் குரல், முதன்முறையாகத் தணிந்து: "நீ சொல்லும்மா. நாங்க பேசல."

"ஆமாடா, சொல்லு" என்கிறார் அப்பா.

பதிவு நிற்கிறது.

5

ஒலிப்பதிவாளர் அந்த அறையிலேயே இருந்தவர். கேட்டால் சொல்லுவார். நான் கேட்கவில்லை. அணைத்த பிறகு பேசியது அவர்களுடையது. நல்லபடியாகத்தான் முடிந்திருக்கும் என்று நம்புகிறேன்; அந்த அம்மாவின் குரலைக் கேட்டவன் வேறெப்படி நம்புவது?

முடிவு கட்டாயம் வேண்டுமென்றால், நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். அதற்கு முன் ஒரு நிமிடம் பேசாமல் இருங்கள். உங்கள் வீட்டிலும் யாராவது தன் முறைக்குக் காத்திருக்கலாம்.