பதினாலாம் கல்

12.11.2024, செவ்வாய். பிழை: பதினாலாம் கல்லின் தலையைத் தடவிப் பார்க்காமல் ‘உள்ளது’ என்று எழுதிவிட்டேன்.

இவ்வளவு எழுதிவிட்டு ஹேமநாதன் பேனாவை மூடினான். மாலை வகுப்பு தொடங்க இன்னும் அரை மணி இருந்தது. திருத்தணியில் ஒரு மருந்துக் கடையின் மாடியில் நடக்கும் நில அளவை வகுப்பு அது. சேர்ந்த அன்றே ஆளுக்கொரு நாட்குறிப்பு கொடுத்திருந்தார்கள். பக்கத்துக்கு மூன்று கட்டம்: பிழை, வேலை, நாளை. மற்றவர்கள் வாரக் கடைசியில் ஏழு பக்கத்தையும் ஒரே மூச்சில் நிரப்புவார்கள். ஹேமநாதன் மட்டும் அன்றன்றைக்கு எழுதுவான். பிழைக் கட்டம் காலியாக இருந்தால் அவனுக்குத் தூக்கம் வராது. எதையோ கவனிக்காமல் விட்டிருக்கிறோம் என்று தோன்றும்.

பகலில் அவனுக்கு மாநில எல்லையோரப் பள்ளத்தாக்கில் வேலை. இரண்டு குன்றுகளுக்கு நடுவே அறுநூறு ஏக்கரில் சோலார் மின்நிலையம் வரப்போகிறது. வேர்க்கடலை விளைந்த நிலங்களைக் கம்பெனி வாங்கியாகிவிட்டது. இப்போதைக்கு அங்கே இருப்பவை சிவப்பு ரிப்பன் கட்டிய முளைகளும் காற்றும்தான். எல்லைக் கற்களைத் தேடிப் பிடித்து, வேலி போகும் கோட்டைக் குறிப்பது அவன் பொறுப்பு. சில நாள் காலை பஸ்ஸில் டிக்கெட் கேட்பதோடு அவன் பேச்சு முடிந்துவிடும். அப்புறம் மாலையில் வருகைப் பதிவுக்கு ‘ஆஜர்’ சொல்லும்போது தொண்டை கரகரக்கும்.

இன்று மதியம் பதினாலாம் கல்லருகே உட்கார்ந்து டிபன் டப்பாவைத் திறந்தபோது தமயந்தி வந்தார். பள்ளத்தாக்கில் நிலத்தை விற்காதவர் அவர் ஒருவர்தான். அறுபது சென்ட், ஓர் ஓட்டு வீடு. கையில் சொம்புத் தண்ணீரும் மஞ்சள் கிண்ணமும் இருந்தன.

“கொஞ்சம் நவுந்து குந்து தம்பி. ஆத்தா மேல காலு படுது.”

“எந்த ஆத்தாம்மா?”

அவர் பதினாலாம் கல்லைக் கழுவி மஞ்சள் பூச ஆரம்பித்தார்.

“அம்மா, அது சர்வே கல்லும்மா. கவர்மெண்டு நட்டது.”

“ஆங்? கவர்மெண்டு எப்ப நட்டுச்சி? எங்க மாமியா காலத்துலேர்ந்து இது கன்னிம்மா. மழையில மஞ்சா கரைஞ்சி போச்சி. நானும் ஜொரத்துல படுத்துகினு இருந்தேன், மூணு செவ்வா வர முடியல. அதுக்குள்ள நீ கவர்மெண்டுக்கு எழுதி வச்சிட்டியா?” சொல்லிவிட்டு அவரே சிரித்தார்.

சர்வே கல்லின் தலையில் கூட்டல் குறி வெட்டியிருக்கும். ஹேமநாதன் ஈர மஞ்சளின் மேல் விரல் வைத்துத் தடவினான். வழவழவென்று இருந்தது.

“சாமியத் தொடறதுன்னா செருப்பக் கழட்டிட்டுத் தொடு.”

கழற்றினான். அவன் மனம் போன வாரத்துக்கு ஓடியது. தமயந்தி நிலத்தின் அகலம் பதிமூன்றாம் கல்லிலிருந்து பதினாலாம் கல் வரை. அரசின் பழைய நில வரைபடமான புலப்படத்தில் அறுபத்தாறு மீட்டர் என்று இருந்தது. தரையில் ஐம்பத்தேழுதான் வந்தது. மழை தூறிக்கொண்டிருந்தது. சைட் மேனேஜர் சூர்யபிரகாஷ் ஜீப்பில் இருந்தபடி ஹாரன் அடித்தார். கல்லின் தலையில் சேறு அப்பியிருந்தது. ‘பழைய படத்தில் பிழை’ என்று அளவுப் புத்தகத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு ஓடினான். எதற்கெடுத்தாலும் தன்னையே சந்தேகிக்கிறவன், அன்று ஒருநாள் படத்தைச் சந்தேகித்தான்.

இப்போது பதிமூன்றாம் கல்லிலிருந்து டேப்பை இழுத்தான். கன்னிம்மாவைத் தாண்டி, ஒரு கிணற்றைத் தாண்டி, அறுபத்தாறாவது மீட்டரில் முள் புதர் நின்றது. கையை உள்ளே விட்டுத் துழாவினான். முள் கிழித்தது. ஒரு கல் அகப்பட்டது. அதன் தலையில் கூட்டல் குறி.

அப்படியானால் நடுவில் இருக்கும் கிணறு? நிலத்தை விற்றவர்கள் யாரோ விட்டுப்போன பாழுங்கிணறு என்றல்லவா நினைத்திருந்தான்!

“இந்தக் கெணறு யாருதும்மா?”

“என்னுதுதான். வேற தண்ணி ஏது எனக்கு?” ரிப்பன் கட்டிய முளையைக் காட்டி, “இது எதுக்கு இங்க நட்டுக்கீற?” என்றார்.

“அளவுக்கும்மா.”

அந்த முளைகளின் வரிசையில் வியாழக்கிழமை குழி தோண்டி, வேலிக் கம்பம் நிறுத்தி, கான்கிரீட் ஊற்றுவார்கள். கிணறு வேலிக்கு அந்தப் பக்கம் போய்விடும்.

“வேலி போட்டா ஆளுங்க எப்பவும் இருப்பாங்களாமே? எங்க பாவா, அக்கா வூட்டுக்காரரு, வித்துட்டு அரக்கோணம் போனதுலேர்ந்து அந்தப் பக்கம் வெளக்கே எரியறதில்ல. பேச நாலு பேரு வந்தா சரிதான்.”

நிலையம் கட்டி முடித்ததும் இரண்டு காவலாளிகள் இருப்பார்கள். அவர்களும் இரண்டு கிலோமீட்டருக்கு அப்பால், கேட்டில். ஹேமநாதனுக்கு அது தெரியும்.

“வருவாங்கம்மா,” என்றான்.

நாலு மணிக்குச் சூர்யபிரகாஷுக்குப் போன் செய்தான். அவர் குறுக்கிடாமல் கேட்டார்.

“டிராயிங் சென்னைக்குப் போயாச்சுப்பா. அந்த ஒன்பது மீட்டர்ல ரெண்டு வரிசை பேனல் வருது.”

“அவங்க கிணறு சார்.”

“கேட்டுக்கினேன். இதோ பார், வாயால சொன்னா நான் கேக்காத மாதிரிதான். எழுதிக் குடுத்தா நிறுத்தித்தான் ஆகணும். எழுதினா மேல வரைக்கும் போவும், உன் பேரோட. இந்த மாசக் கடைசியில உன்னை நிரந்தரம் பண்ணச் சொல்லி லெட்டர் போட்டிருக்கேன். யோசிச்சிக்க.”

வகுப்புக்கு வந்து அந்த ஒரு வரியை எழுதியதும், மாடிப்படியில் போய் நின்று அம்மையார்குப்பத்தில் இருக்கும் வீட்டுக்குப் போன் போட்டான். அம்மா எடுத்தாள். பின்னால் விசைத்தறி அடித்துக்கொண்டிருந்தது.

“அம்மா, ஒரு தப்பு பண்ணிட்டேன்.”

“இன்னா? சத்தமா சொல்லுடா, தறி ஓடுது.”

கீழே மருந்து வாங்க நின்றவர்கள் அண்ணாந்து பார்த்தார்கள்.

“ஒண்ணுமில்லம்மா. சாப்ட்டியா?”

“ஆங், சாப்ட்டேன், சாப்ட்டேன். நீ?”

“சாப்ட்டேன்.” டிபன் டப்பா பையில் அப்படியே கனத்தது.

நாட்குறிப்பின் முன்னால் மறுபடி உட்கார்ந்தான். ஜன்னலுக்கு வெளியே மலைக்கோயில் விளக்குகள் எரியத் தொடங்கியிருந்தன. முன்பெஞ்சு கனிமொழி உள்ளே வந்து, அவன் பேனாவை மூடுவதும் திறப்பதுமாக இருப்பதைப் பார்த்தாள்.

“இன்னா ஹேமநாதா, ரப்பர் வேணுமா?”

“அளவுப் புத்தகத்துல அழிக்கக் கூடாது.”

“தெரியும் சாமி. சும்மா கேட்டேன்.” அவள் தன் இடத்துக்குப் போய்த் தோழியோடு பேசத் தொடங்கினாள்.

அழிக்கக் கூடாது. ஒரே கோடாக அடித்து, மேலே சரியானதை எழுதி, கையெழுத்துப் போட வேண்டும். அடித்தது கோட்டுக்கு அடியில் தெரிய வேண்டும். வகுப்பில் சொல்லித்தந்த முதல் பாடம். பையிலிருந்து அளவுப் புத்தகத்தை எடுத்தான். வியாழக்கிழமை கான்கிரீட் காய்ந்துவிட்டால் இந்தப் பக்கத்தை யாரும் திருப்பிப் பார்க்கப் போவதில்லை. அவனைத் தவிர.

‘57’ என்பதன் மேல் கோடு இழுத்தான். மேலே ‘66’ என்று எழுதினான். ‘கிணறு தமயந்தி அம்மாள் நிலத்தில், பிழை என்னுடையது’ என்று பக்கத்தில் எழுதிக் கையெழுத்திட்டான். போட்டோ எடுத்துச் சூர்யபிரகாஷுக்கு அனுப்பினான். பார்த்துவிட்டார் என்பதற்கு இரண்டு நீலக் குறிகள் வந்தன. போனைக் கவிழ்த்து வைத்தான்.

பிழைக் கட்டத்தில் இன்னொரு வரி சேர்த்தான்: ‘ஆட்கள் வருவார்கள் என்று அந்த அம்மாவிடம் சொன்னேன். வரமாட்டார்கள்.’

பிறகு கடைசிக் கட்டத்தை நிரப்பினான்.

நாளை: காலை ஆறரை பஸ். கத்தி எடுத்துப் போய் முள்ளை வெட்டி, பதினாலாம் கல்லைத் தமயந்தி அம்மாளுக்குக் காட்டுவது. முளைகளைப் பிடுங்கி ஒன்பது மீட்டர் தள்ளி நடுவது.