கமலம் வன்கூவர் போன கதை

லண்டனில் இருபது வருடத்துக்கு மேல், மற்றவர்கள் எழுதிய தொலைக்காட்சிக் கதைகளைத் திருத்திக் கொடுத்தவர் வேரோனிக்கா. அவர் உயிர் கொடுத்த துப்பறிவாளர்களை ஊரே அறியும். அவருடைய பெயரோ கடைசியில், சனம் எழும்பிப் போகும் நேரத்தில்தான் ஓடும். கனடாவின் ஸ்காபரோவில் எடுக்கும் ஒரு தமிழ்த் தொடருக்குத் தலைமை எழுத்தாளராக அழைத்தபோது, இனியாவது பெயர் முன்னால் வரும் என்று விமானம் ஏறினார்.

பெயர் வந்தது. கூடவே ஐந்து வருட ஒப்பந்தமும் வந்தது. அது முடியும்வரை வேறு எவருக்கும் ஒரு வரி எழுதக் கூடாது. தொடரின் நாயகி கமலம் பலசரக்குக் கடைக் கல்லாவை விட்டு அசையக் கூடாது என்பது தயாரிப்பாளர் கிளிபோட்டின் கட்டளை.

நான்காம் வருடம், கமலமாக நடித்த ஜெயமலர் தேநீர் இடைவேளையில் வேரோனிக்காவைப் பிடித்துக்கொண்டாள்.

“அக்கா, ரோட்டிலயும் என்னைக் கமலம் எண்டுதான் கூப்பிடுகினம். மேடை நாடகத்துக்குக் கேட்டால், கடைக்கார அன்ரி சரிவராது எண்டுறாங்கள். தொடரில இருந்து என்னை எப்பிடியாவது அனுப்பிவிடுங்கோ.”

வேரோனிக்காவுக்கு அது தன் குரலாகவே கேட்டது. கமலம் கடைத் திறப்புக் கொத்தைக் கணவன் கையில் கொடுத்துவிட்டு நாட்டின் மறுகரையிலுள்ள வன்கூவருக்குப் பஸ் ஏறுவதாக எழுதினார். அழுகை இல்லை. “கறிவேப்பிலை பின்பக்கம் கிடக்கு” என்ற ஒரே வசனம். தான் எழுதியதிலேயே நல்ல காட்சி அதுதான் என்று அவருக்குத் தெரிந்தது. ஏனோ கிளிபோட்டும் தடுக்கவில்லை.

ஒளிபரப்பான மறுநாள் அலுவலகத் தொலைபேசி ஓயவில்லை. கமலத்தைக் கேட்டுச் சனம் அழுதது.

“பாத்தீங்களே?” கிளிபோட் பூரித்துப்போயிருந்தார். “அடுத்த மாதம் அவ திரும்பி வாறா. எழுதுங்கோ.”

“அவ வரமாட்டா.”

“வருவா. அவவின்ர ஒப்பந்தமும் என்னட்டைத்தான் இருக்கு. நீங்கள் எழுதாட்டி நான் எழுதுவன்.”

கிளிபோட் எழுதினால் கமலம் கணவன் காலில் விழுவாள். அதற்குப் பயந்து வேரோனிக்காவே எழுதினார். கமலம் விழவில்லை, மன்னிப்பும் கேட்கவில்லை. வந்தாள், கல்லாவில் நின்றாள்.

படப்பிடிப்பில் தாளை வாசித்த ஜெயமலர் நிமிர்ந்தாள்.

“இதை நீங்களோ எழுதினது?”

“ஓம்.”

“நல்லா இருக்கக்கா. அதுதான் பயமாக் கிடக்கு.”

அவள் நடித்தாள். கமராக்காரரே கண்ணைத் துடைத்தார். “இன்னும் கனகாலம் ஓடும்!” என்று கிளிபோட் கைதட்டினார். ஜெயமலர் எவரையும் பார்க்காமல் ஒப்பனை அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

பின்னேரம் வேரோனிக்கா அடுத்த பகுதியை எழுத உட்கார்ந்தார். கமலம் கல்லாவில் நிற்கிறாள் என்பதற்குமேல் ஒரு சொல்லும் வரவில்லை.