ஆவியில் வைத்த ஷட்டில்

தொட்டித் தண்ணீர் பால் ஊற்றாத தேநீரின் நிறத்துக்கு வந்திருந்தது. நுவாரா நீண்ட கரண்டியால் மேலே மிதந்த நுரையை வழித்து எறிந்தாள். உள்ளே, இரும்பு எடைகளுக்கு அடியில், தக்கைப் பட்டைகள் கட்டுக்கட்டாக வெந்துகொண்டிருந்தன. மரத்திலிருந்து உரித்து வரும்போது ஓடுபோல வளைந்திருக்கும் பட்டை, ஒரு மணி நேரம் கொதித்தால் பலகைபோல நிமிர்ந்துவிடும். அதன்பிறகு சங்கிலிக் கொக்கியை மாட்டிக் கட்டை மேலே தூக்க வேண்டும். தூக்கும்போது ஒரு அடி பின்னால் நிற்க வேண்டும். கட்டு சரிந்தால் தண்ணீர் வெளியே அடிக்கும்.

பக்கத்துத் தொட்டியருகில் ஜுலைகா நின்றாள். நாற்பத்தாறு வயது. தலைத்துணியை நெற்றிவரை இழுத்துக் கட்டியிருந்தாள்.

"அம்மார் லீவுச் சீட்டுல கையெழுத்துப் போட்டானா?"

"இன்னும் இல்லக்கா. மத்தியானம் வரச் சொன்னாரு."

"நாளைக்குக் காலைல அல்ஜியர்ஸ்ல ஆட்டம். மத்தியானம் வரணுமாம். என்னை விடு, நான் போய்க் கேக்கறேன்."

"நீ கேட்டா ரெண்டு பேரு வேலையும் போயிடும்."

ஜுலைகா சிரித்துவிட்டுத் தன் தொட்டிக்குத் திரும்பினாள்.

நுவாராவுக்கு முப்பத்தொன்று. பதினாலு வயதில் ஜீஜல் நகரப் பள்ளியில் பெண்கள் கைப்பந்து அணிக்குப் போனாள். இடம் இல்லை என்று சொன்ன ஆசிரியர், அறையில் கிடந்த பேட்மிண்டன் மட்டையைக் கொடுத்து அனுப்பினார். அப்படித் தொடங்கியது. அதன்பிறகு நான்கு முறை நாட்டின் முதலிடம், மூன்று முறை ஆப்பிரிக்கப் போட்டி. ஒருமுறை இரட்டையரில் மூன்றாமிடம். ஐரோப்பாவில் ஆட இரண்டு அழைப்பு வந்தது, இரண்டுக்கும் விசா கிடைக்கவில்லை. பதக்கம் அம்மாவின் அலமாரியில் இருந்தது. விளையாட்டு ஆசிரியை வேலைக்கு மூன்று தடவை விண்ணப்பித்தாள். பிறகு தக்கைத் தொழிற்சாலைக்கு வந்துவிட்டாள். ஒப்பந்த வேலை.

நகர விளையாட்டுக் கூடம் கைப்பந்துக்காரர்களுடையது. பேட்மிண்டனுக்குக் காலை ஆறிலிருந்து ஏழு வரை. கூரை ஒழுகிய இடங்களைத் துடைத்துவிட்டுத்தான் வலை கட்ட வேண்டும். அவளோடு ஆட ஊரில் ஆள் இல்லை. இரண்டு வருடமாக ஜுலைகாதான் வேலைக்கு வரும் வழியில் இறங்கி, வலைக்கு அந்தப் பக்கம் நின்று ஷட்டிலைக் கையால் எறிந்துகொடுப்பாள். மட்டையைப் பிடிக்கத் தெரியாது. ஆனால் எறியச் சொன்ன இடத்தில் எறிவாள். நூறு எறிந்தால் தொண்ணூறு சரியாக விழும்.

"கல்யாணத்துக்கு முன்னாடி ஆடு மேய்ச்சவ நான். கல்லு எறிஞ்ச கைடீ இது" என்பாள்.

இந்த வருடம் ஆப்பிரிக்கப் போட்டிக்குப் பெண்கள் ஒற்றையரில் ஒரே ஒரு இடம். அதற்கான ஆட்டம் நாளைக்கு. தோற்றால் அடுத்த வருடம் கூப்பிட மாட்டார்கள் என்பது நுவாராவுக்குத் தெரியும். முப்பத்திரண்டு வயதுக்காரியை யாரும் கூப்பிடுவதில்லை.

மத்தியானம் மேற்பார்வையாளர் அம்மாரின் அறைக்குப் போனாள். அவர் ரொட்டியை மோரில் நனைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"தொட்டி சும்மா இருக்கக் கூடாது. உன் இடத்துக்கு ஆள் விட்டுட்டுப் போ."

"ஜுலைகாக்கா பாத்துக்கறேன்னு சொன்னாங்கண்ணே. ரெண்டையும்."

"யாரோ ஒருத்தர். எனக்குக் கட்டு கணக்காக் கையில வந்தாப் போதும்." விடுப்புச் சீட்டில் கையெழுத்துப் போட்டார். "ஜெயிச்சுட்டு வா. எம் பொண்ணு உன் போட்டோவைக் கேட்டுக்கிட்டே இருக்கா."

அவள் மூன்று தடவை நன்றி சொல்லிவிட்டு வந்தாள்.

தொட்டிப் பக்கம் வந்தபோது பெண்கள் நான்கைந்து பேர் கூடி நின்று சிரித்துக்கொண்டிருந்தார்கள். பலகை அடுக்கும் குல்தூம் கைகளைப் பின்னால் மறைத்திருந்தாள்.

"என்ன?"

"உனக்கு ஒரு வேலையக் குறைச்சுட்டோம்" என்றாள் ஜுலைகா. "காட்டு குல்தூம்."

குல்தூம் ஷட்டில் குழாயை நீட்டினாள். நுவாராவின் பையில் இருந்த குழாய். அதற்குள் பன்னிரண்டு புது ஷட்டில். அவளிடம் இருந்த ஒரே புதுக் குழாய். பேட்மிண்டன் கூட்டமைப்புக்கு வர வேண்டிய ஷட்டில் பெட்டிகள் மூன்று மாதமாகத் துறைமுகச் சுங்கத்தில் கிடந்தன. அதனால் இந்த முறை ஆடுகிறவர்கள் ஆளுக்கு ஆறு நல்ல ஷட்டில் கொண்டுவர வேண்டும் என்று கடிதத்தில் எழுதியிருந்தார்கள்.

ஆட்டத்துக்கு முதல் நாள் ஷட்டில் இறகை அவள் ஆவியில் காட்டுவது வழக்கம். இறகு காய்ந்திருந்தால் நாலு அடியில் ஒடியும். குஸ்குஸ் ரவை அவிக்கும் சட்டியின் மேல் குழாயைப் பிடித்துப் பத்து எண்ணுவாள். அவ்வளவுதான். அதை இந்தப் பெண்கள் பல தடவை பார்த்திருக்கிறார்கள்.

குழாய் சுட்டது. மூடியைத் திறந்தாள்.

"எவ்வளவு நேரம்?"

"ஒரு மணி நேரம். முழுசா" என்றாள் குல்தூம். "தொட்டி மூடிக்கு மேலயே வச்சுட்டோம். நான் பக்கத்துலயே நின்னேன், ஒரு நிமிஷம் கூட நகரல. தலை தக்கைதானே? தக்கையப் பத்தி எங்களுக்கா சொல்லித்தரணும்?"

இறகுகள் ஈரக் கோழிபோல ஒட்டிக்கிடந்தன. பசை இளகி நூல் கட்டு நழுவியிருந்தது. தக்கைத் தலை உப்பி, தோல் சுருங்கியிருந்தது. வெள்ளை இறகின் ஓரங்களில் தொட்டித் தண்ணீரின் பழுப்பு ஏறியிருந்தது.

ஐந்து பேரும் அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"நல்லா வெந்திருக்கு" என்றாள் நுவாரா. "இப்படி நான் ஒருநாளும் செஞ்சதில்ல."

"பாத்தியா!" என்று குல்தூம் ஜுலைகாவின் தோளில் அடித்தாள். பிறகு துணியில் கட்டிய ரொட்டியையும் நாலு வேகவைத்த முட்டையையும் நுவாராவின் பையில் திணித்தாள். ஜுலைகா அவள் தலைத்துணியைச் சரிசெய்துவிட்டு, "போ. தொட்டியப் பத்தி நினைக்காத" என்றாள்.

அல்ஜியர்ஸ் பேருந்து மேற்கே போனது. சாயங்கால வெயில் முன்கண்ணாடியில் நேராக அடித்தது. நுவாரா எழுந்து போய் ஓட்டுநரிடம் கேட்டாள். அவர் தலையசைத்ததும் பன்னிரண்டு ஷட்டிலையும் கண்ணாடிக்குக் கீழே வரிசையாக வைத்தாள்.

"என்ன தங்கச்சி, அடை வைக்கறியா?" என்றார் ஓட்டுநர்.

"காய வைக்கறேண்ணே."

"குஞ்சு பொரிச்சா எனக்கு ரெண்டு குடுத்துடணும். வண்டி வாடகை."

வளைவுகளில் ஷட்டில்கள் உருண்டன. ஒவ்வொரு தடவையும் அவர் ஒரு கையால் பிடித்துத் திரும்ப நிறுத்திவைத்தார். பூயிரா ஊரைத் தாண்டும்போது வெயில் போய்விட்டது. இறகுகள் காய்ந்திருந்தன. காய்ந்ததும் வெளிப்பக்கம் விரிந்து, ஆளுக்கொரு திசை பார்த்து நின்றன.

அல்ஜியர்ஸில் சித்தி வீட்டில் தூங்கிவிட்டுக் காலையில் விளையாட்டுக் கூடத்துக்குப் போனாள். இங்கே கூரை ஒழுகவில்லை. நடுவர் லர்பி அவளைப் பதினைந்து வருடமாகத் தெரிந்தவர். அவள் குழாயை வாங்கி ஒரு ஷட்டிலை எடுத்தார். பின்கோட்டில் நின்று கீழிருந்து மேலாக ஓங்கி அடித்தார். சரியான ஷட்டில் எதிர்ப் பின்கோட்டுக்குக் கொஞ்சம் முன்னால் விழ வேண்டும். இது தலையை ஆட்டி ஆட்டிப் போய் வலையைத் தாண்டியதும் விழுந்தது. இன்னொன்றை அடித்தார். அதன் இறகு இரண்டு காற்றிலேயே பிரிந்தது.

"என்னம்மா இது? சூப்பு வச்சியா?"

"ஆவி கொஞ்சம் கூடிப்போச்சு."

"நீயா? பதினஞ்சு வருஷம் ஆடினவ?"

"ஆமாண்ணே. நான்தான்."

லர்பி மேசையில் இருந்த கடிதத்தைக் காட்டினார். "ஆறு நல்ல ஷட்டில் இல்லன்னா ஆட்டம் இல்ல. நான் எழுதின விதி இல்ல இது. உன்னோட ஆட வந்த பொண்ணு ஆடாமலே ஜெயிச்சுடும்."

அந்தப் பெண் சுவரோரம் கால்களை நீட்டிக்கொண்டிருந்தாள். இனேஸ். பத்தொன்பது வயது. ஐரோப்பாவில், லியோனில் பிறந்து வளர்ந்தவள், தாத்தா ஊர் இந்த நாட்டு ஸெத்தீஃப். அவள் பேச்சு பாதி அந்த ஊர், பாதி இந்த ஊர். எழுந்து வந்து குழாய்க்குள் எட்டிப் பார்த்தாள்.

"யாரு இதைப் பண்ணினது?"

நுவாரா குழாயை மூடினாள்.

"என்கிட்ட மூணு குழாய் இருக்கு. அதுல ஆடலாம்" என்றாள் இனேஸ், லர்பியிடம்.

மேலே இருக்கையில் இருந்து அவள் அப்பா எழுந்தார். "இனேஸ், நீ எதுக்கு..."

"ஆடாம ஜெயிச்சுட்டு நான் போய் என்னன்னு சொல்றது? அப்பா, நீங்க உக்காருங்க."

லர்பி கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்தார்.

முதல் ஆட்டத்தில் நுவாரா அடித்ததெல்லாம் கோட்டுக்கு வெளியே விழுந்தது. ஒட்டுப்போட்ட, இறகு ஒடிந்த ஷட்டில்களிலேயே ஆடிப் பழகிய கை. புது ஷட்டில் அவள் நினைத்ததைவிட ஒரு முழம் அதிகம் போனது. இருபத்தொன்றுக்குப் பன்னிரண்டு. இடைவேளையில் துணியால் முகத்தைத் துடைத்தபோது தக்கை வாடை அடித்தது. விரல் கணுக்களின் இடுக்கில் பழுப்பு இன்னும் போகவில்லை.

இரண்டாவது ஆட்டத்தில் ஓங்கி அடிப்பதை நிறுத்தினாள். தினமும் ஜுலைகா எறியும் நான்கு மூலைகள்தான் அவளுக்குத் தெரியும். அந்த நான்கு மூலைக்கும் மாறி மாறிப் போட்டாள். இனேஸ் ஓடினாள், அடித்தாள், திரும்ப ஓடினாள். எட்டு மணி நேரம் தொட்டியருகில் நிற்கிற கால்களுக்கு அவசரம் இல்லை. இருபத்தொன்றுக்குப் பதினெட்டு. மூன்றாவதில் இருபதுக்கு இருபது என்று நின்றபோது இனேஸின் அடி ஒன்று வலையில் தட்டி அவள் பக்கமே விழுந்தது. அடுத்து நுவாரா போட்டது பின்மூலையில், கோட்டின்மேல் விழுந்தது.

லர்பி குனிந்து பார்த்தார். "உள்ள" என்றார்.

இனேஸ் தரையில் உட்கார்ந்து கொஞ்ச நேரம் அழுதாள். பிறகு மூக்கைத் துடைத்துக்கொண்டு வந்து, உடைக்காத ஒரு குழாயை நுவாராவின் பையில் வைத்தாள்.

"அங்க போய் சூப்பு வைக்காதக்கா."

நுவாரா சிரித்தாள். குல்தூம் கட்டிக்கொடுத்த ரொட்டியைப் பிய்த்து முட்டையோடு நீட்டினாள். இரண்டு பேரும் சுவரோரம் உட்கார்ந்து தின்றார்கள். இனேஸின் அப்பாவும் இறங்கிவந்து ஒரு துண்டு வாங்கிக்கொண்டார்.

வெள்ளி, சனி விடுமுறை முடிந்து ஞாயிற்றுக்கிழமை வேலைக்கு வந்தபோது வாசலிலேயே கூச்சல். குல்தூம் ஓடிவந்து கட்டிக்கொண்டாள்.

"எப்படிப் பறந்துச்சு?"

"புறா மாதிரி."

"நான் சொல்லல? ஒரு மணி நேரம், குறையக் கூடாது!"

நுவாரா அவள் தோளுக்கு மேல் பார்த்தாள். இரண்டு தொட்டியருகிலும் தெரியாத முகங்கள் நின்றன.

"ஜுலைகாக்கா எங்க?"

குல்தூமின் கைகள் தளர்ந்தன. "ஆபீஸ்ல. உன்னையும் அங்க வரச் சொன்னாங்க. இயக்குநர் வந்திருக்காரு."

அலுவலக வராந்தாவில் ஜுலைகா பெஞ்சில் இருந்தாள். வலது கை முழங்கைவரை வெள்ளைத் துணியில் சுற்றியிருந்தது. விரல் நுனிகள் மட்டும் வெளியே தெரிந்தன, வீங்கிப் பளபளத்தன. நுவாராவைப் பார்த்ததும் முகம் விரிந்தது.

"ஜெயிச்சுட்டியாமே!"

"கை?"

"ஒண்ணுமில்ல. ரெண்டு தொட்டியும் ஒரே நேரத்துல வெந்து முடிஞ்சுது. உன் தொட்டிக் கொக்கிக்கு ஓடினேன், கட்டு சரிஞ்சுது. ஒரு மாசம்னு டாக்டர் சொன்னாரு. நீ சொல்லு, மூலைல போட்டியா?"

"மூலைலதான்கா போட்டேன். எல்லாம் நீ எறிஞ்ச இடம்தான்."

ஜுலைகா இடது கையால் அவள் கன்னத்தைத் தட்டினாள்.

இருவரும் உள்ளே போனதும் எழுத்தர் ஒரு தாளை மேசையில் அவர்கள் பக்கம் திருப்பிவைத்தார். வியாழக்கிழமை, தன் இடமல்லாத தொட்டிக்குத் தானாகவே போனதாக ஜுலைகா ஒப்புக்கொள்கிறாள் என்று அதில் எழுதியிருந்தது. அப்படியென்றால் வேலையில் பட்ட காயமாக இது சேராது, இழப்பீடும் கிடையாது.

"தானா எங்க போனாங்க?" என்றாள் நுவாரா. "ஆள் விட்டுட்டுப் போன்னு அம்மாரண்ணன்தான் சொன்னாரு."

அம்மார் ஜன்னலருகில் நின்றிருந்தார். வெளியே லாரியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எழுத்துல இருக்கா?" என்றார் எழுத்தர். "உன் சீட்டுல உன் விடுப்பு மட்டும்தான் இருக்கு."

இயக்குநரின் மேசையில் இன்னொரு தாளும் இருந்தது. ஆப்பிரிக்கப் போட்டிக்குப் போக நுவாராவுக்கு மூன்று வார விடுப்பு. அது அவருடைய முழங்கைக்குக் கீழே இருந்தது. பேனாவின் மூடி இன்னும் திறக்கப்படவில்லை.

நுவாரா மறுபடி வாயைத் திறந்தாள். ஜுலைகா இடது கையால் அவள் இடுப்பில் பலமாகக் கிள்ளினாள். "பேசாம இருடீ" என்றாள், உதடு அசையாமல். பிறகு எழுத்தரிடம், "எங்க வைக்கணும்?" என்று கேட்டாள். பேனாவைப் பிடிக்க முடியாததால் இடது கட்டைவிரலை மையில் ஒற்றி வைத்தாள். தாள் நகர்ந்தது. நுவாரா அதன் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள்.

இயக்குநர் விடுப்புத் தாளில் கையெழுத்துப் போட்டார். நல்ல மனிதர், எழுந்து வந்து இருவருக்கும் வாழ்த்துச் சொன்னார். நுவாராவும் நன்றி சொன்னாள். ஜுலைகாவும் சொன்னாள்.

"ஒரு போட்டோ எடுத்துடுவோம்" என்றார் எழுத்தர், கைபேசியைத் தூக்கி. "தொழிற்சாலை வாசல்ல மாட்டலாம். நீங்களும் நில்லுங்கம்மா, தோழிதானே."

ஜுலைகாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. தலைத்துணியைச் சரிசெய்யச் சொல்லிக் குனிந்தாள். நுவாரா சரிசெய்தாள். இயக்குநர் நடுவில் நின்று, இனேஸ் கொடுத்த குழாயிலிருந்து ஒரு ஷட்டிலை எடுத்துத் தக்கைத் தலை முன்னால் தெரியும்படி பிடித்தார்.

"அம்மா, அந்தக் கையக் கொஞ்சம் பின்னால வச்சுக்கங்க" என்றார் எழுத்தர்.

அவள் வைத்துக்கொண்டாள்.

படம் மறுநாளே வாசலில் தொங்கியது. காலையில் வேலைக்கு வருகிறவர்கள் நின்று பார்த்துவிட்டுப் போனார்கள். ஈரமான இறகுபோல வெள்ளையாக ஒரு ஓரம் மட்டும் ஜுலைகாவின் இடுப்புக்குப் பின்னாலிருந்து தெரிந்தது. மூன்று பேருமே சிரித்துக்கொண்டிருந்தார்கள்.